எண்ணுக்கு முன் அகலம்: பெண்கள் நடைப்பயிற்சிக்கு ஷூ வாங்குவது பற்றி

நாற்பதைக் கடந்த பெண்களுக்கு மருத்துவர்கள் எழுதித் தரும் முதல் மருந்து இன்று நடைதான். சர்க்கரை, இரத்த அழுத்தம், தைராய்டு, மூட்டுத் தேய்மானம் என்று காரணம் எதுவானாலும், தினமும் முக்கால் மணி நேரம் நடக்கச் சொல்லும் வரி ஒன்று மருந்துச் சீட்டின் அடியில் வந்துவிடுகிறது. இந்தியாவில் சுமார் 10.1 கோடிப் பேருக்குச் சர்க்கரை நோய் இருப்பதாக 2023இல் வெளியான இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் (ஐசிஎம்ஆர்) ஆய்வு கணக்கிட்ட பிறகு அந்த வரியின் அவசரம் கூடியிருக்கிறது. தமிழக அரசும் அதே ஆண்டு நவம்பரில் 'நடப்போம் நலம் பெறுவோம்' என்று 38 மாவட்டங்களிலும் 8 கிலோமீட்டர் நடைபாதைகளைக் குறித்துத் தந்தது. ஆனால் எதை அணிந்து நடப்பது என்பதை மருந்துச் சீட்டும் சொல்வதில்லை, நடைபாதைப் பலகையும் சொல்வதில்லை. பெசன்ட் நகர்க் கடற்கரையிலோ கோவை ரேஸ் கோர்ஸ் பாதையிலோ ஒரு காலை நேரம் நின்று பார்த்தால், பெஞ்சில் உட்கார்ந்து லேஸைத் தளர்த்திவிட்டுச் சுண்டுவிரலைப் பிடித்துவிடும் பெண்கள் கண்ணில் படாமல் போவதில்லை. அவர்களில் பலர் காலில் இருப்பது மலிவான ஷூ அல்ல. நல்ல பெயருள்ள, மூவாயிரம் நாலாயிரம் ரூபாய் கொடுத்து வாங்கிய ஷூ.

அந்த வலிக்குப் பெரும்பாலும் காரணம் ஷூவின் தரமன்று, அகலம். நம் பெண்கள் நீளத்துக்கு மட்டும் ஓர் எண்ணைச் சொல்லி ஷூ கேட்கிறார்கள். கடைக்காரரும் அந்த எண்ணுக்குரிய பெட்டியை எடுத்துத் தருகிறார். பாதத்தின் அகலத்தை வாங்குபவரும் கேட்பதில்லை, விற்பவரும் சொல்வதில்லை. வீட்டுப் பெண்களையும் தோழிகளையும் அழைத்துக்கொண்டு ஷூக் கடைகளுக்குப் போய்வந்ததிலும், அதன் பொருட்டுப் படித்ததிலும் நான் உறுதியாகத் தெரிந்துகொண்டது இது ஒன்றுதான். கீழே எழுதுவதெல்லாம் இதைச் சுற்றியதே.

பெண்ணின் பாதம் ஆணின் பாதத்தைச் சுருக்கி எடுத்த சிறு வடிவம் அல்ல. ஒரே நீளமுள்ள ஆண் பாதத்தையும் பெண் பாதத்தையும் அருகருகே வைத்து அளந்தால் வளைவு, பெருவிரல், விரல்களின் அடிப்பகுதி என்று பல இடங்களில் வடிவமே வேறுபடுகிறது என்பதை 2001இல் வுண்டர்லிக், கவனா ஆகிய இருவர் வெளியிட்ட ஆய்வு காட்டியது. பொதுவாகப் பெண்களுக்கு முன்பாதத்தோடு ஒப்பிடும்போது குதிகால் ஒடுக்கமாக இருக்கும். ஆண்களுக்கென்று செய்த அச்சையே சிறிதாக்கி, மேலே இளஞ்சிவப்புத் துணியைப் போர்த்தினால் முன்பக்கம் இறுக்கும், பின்பக்கம் நழுவும். பெண்களுக்கென்றே வடிவமைத்து விற்கப்பட்ட முதல் பெரிய விளையாட்டு ஷூவான ரீபாக் ஃப்ரீஸ்டைல் 1982இல்தான் வந்தது. அதுவும் ஏரோபிக்ஸ் நடனத்துக்காக வந்தது, நடைக்காக அல்ல.

இதற்கு மேல் நமக்கென்று ஒரு சிக்கல் இருக்கிறது. நம் கடைகளில் புழங்கும் அளவு எண் ஆங்கிலேயர் விட்டுச் சென்றது. இந்தியர்களின் பாதம் அந்த முறைக்குப் பொருந்துகிறதா என்று பார்க்க, சென்னை அடையாறில் இருக்கும் மத்தியத் தோல் ஆராய்ச்சி நிறுவனம் 2021 டிசம்பரிலிருந்து 2022 மார்ச் வரை நாடு முழுவதும் ஓர் அளவெடுப்பை நடத்தியது. 79 இடங்களில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களின் பாதங்களை முப்பரிமாண ஸ்கேனரில் பதிவு செய்தார்கள். கிடைத்த முடிவு நம் வீட்டுப் பெண்கள் பல்லாண்டாகச் சொல்லிவருவதுதான்: ஐரோப்பிய, அமெரிக்கப் பாதங்களைவிட இந்தியப் பாதம் அகலமானது. இந்தியப் பெண்ணின் பாத வளர்ச்சி பதினோரு வயதை ஒட்டி உச்சத்தை அடைகிறது என்பதும் அதில் தெரியவந்தது. இந்த அடிப்படையில், பாரதத்தைக் குறிக்கும் 'ப' (Bha) என்ற எழுத்தின் பெயரால் ஒரு புதிய இந்திய அளவு முறை முன்மொழியப்பட்டது. எட்டு வகைகள் கொண்ட அதில் 14 வயதுக்கு மேற்பட்ட பெண்களுக்கென்று தனி வகை உண்டு. ஆயினும் கடைப் பெட்டிகளில் நாம் இன்றும் பார்ப்பது யுகே எண்ணைத்தான். ஆகவே அளவெடுக்கும் வேலை இப்போதைக்கு நம்முடையது.

அது பெரிய வேலையும் இல்லை. மாலையில் அளக்க வேண்டும், ஏனென்றால் பகல் முழுவதும் நின்று நடந்த பாதம் காலையில் இருந்ததைவிடச் சற்று உப்பியிருக்கும். தரையில் வெள்ளைத் தாளை விரித்து, குதிகால் சுவரைத் தொடும்படி நின்று, உடல் எடை முழுவதையும் அந்தக் காலில் தாங்கியபடி, இன்னொருவரை விட்டுப் பென்சிலைச் செங்குத்தாகப் பிடித்து ஓரம் வரையச் சொல்ல வேண்டும். உட்கார்ந்துகொண்டு வரைந்தால் பாதம் விரியாது, அளவு குறைந்துவிடும். குதிகாலிலிருந்து மிக நீண்ட விரல் வரைக்கும் நீளம். பெருவிரல் அடிமூட்டிலிருந்து சுண்டுவிரல் அடிமூட்டு வரைக்கும் அகலம். இரண்டையும் மில்லிமீட்டரில் குறித்துக்கொள்ளுங்கள். மிக நீண்ட விரல் எப்போதும் பெருவிரலாக இருக்கும் என்று நினைக்க வேண்டாம். பலருக்கு அடுத்த விரல்தான் நீளம். இரண்டு கால்களையும் வரைய வேண்டும், பெரிய காலின் அளவே கணக்கு.

பிள்ளைப்பேற்றுக்குப் பின் பாதம் மாறிவிடுகிறது என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். முதல் கர்ப்பத்தின்போது பல பெண்களுக்குப் பாத வளைவு தாழ்ந்து பாதம் நீண்டுவிடுகிறது என்றும், அது பழைய நிலைக்குத் திரும்புவதில்லை என்றும் அமெரிக்காவின் அயோவா பல்கலைக்கழகத்தினர் 2013இல் பதிவு செய்தார்கள். கல்லூரி நாட்களில் 5ஆம் எண் போட்டதால் ஐம்பது வயதிலும் 5 என்று சொல்லும் பெண்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அந்த எண் முப்பது ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு பாதத்தின் எண்.

பிறகு மெட்டி. எந்த நாட்டு வடிவமைப்பாளரும் இதைக் கணக்கில் கொண்டிருக்கமாட்டார். இரண்டாம் விரலில் ஒன்றரை மில்லிமீட்டர் தடிமனுள்ள வெள்ளிக் கம்பி சுற்றியிருந்தால் அந்த விரல் பக்கவாட்டிலும் மேலேயும் கூடுதல் இடம் கேட்கும். முத்து வைத்த மெட்டியானால் சாக்ஸைக் கிழிக்கும், பக்கத்து விரலில் தழும்பு விழும். நடைக்குப் போகும்போது மட்டும் கழற்றிவைப்பவர்கள் உண்டு. கழற்ற விரும்பாதவர்கள் அதை அணிந்தபடியே பாதத்தை வரைந்து, அணிந்தபடியே கடையில் போட்டுப் பார்க்க வேண்டும். தட்டையான, முனை பிதுங்காத மெட்டிக்கு மாறிக்கொள்வதும் நல்ல வழி. ஷூ வாங்கப் போகும் பெண்ணிடம் இதை யாரும் கேட்பதே இல்லை என்பதால்தான் இவ்வளவு எழுதுகிறேன்.

அளவு கையில் வந்ததும் பெட்டியில் இருக்கும் எண்களைப் பார்க்கலாம். யுகே முறையில் ஓர் எண்ணுக்கும் அடுத்த எண்ணுக்கும் இடையே அங்குலத்தில் மூன்றில் ஒரு பங்கு, அதாவது ஏறத்தாழ 8.5 மில்லிமீட்டர் வேறுபாடு. அரை எண் இல்லாத நிறுவனங்களில் இந்த இடைவெளி பெரியது. இடையில் சிக்கிய பாதத்துக்கு ஒன்று இறுக்கம், மற்றொன்று தொளதொளப்பு. நிறுவனத்துக்கு நிறுவனம் எண் மாறுவது இன்னொரு தொல்லை. பாதத்தின் நீளம் 25 சென்டிமீட்டர் என்று லேபிளில் அச்சிட்டிருக்கும் பெண்கள் ஷூ நைக்கியில் யுகே 5.5 என்றால், அதே 25 அடிடாஸில் யுகே 6.5. இதனால் 'எனக்கு ஆறு' என்ற பேச்சுக்கே பொருளில்லாமல் போகிறது. ஷூவின் நாக்கின் உட்புறம் தைத்திருக்கும் சிறு லேபிளில் செ.மீ. அல்லது ஜேபி (ஜப்பானிய அளவு) என்று ஓர் எண் இருக்கும்; நம்பத்தக்கது அதுதான். நம் தாளில் குறித்த நீளத்தோடு அதை ஒப்பிட வேண்டும்.

அகலத்துக்கு எண் கிடையாது, எழுத்துதான் உண்டு. அமெரிக்க முறையில் பெண்களுக்குச் சாதாரண அகலம் பி, அதற்கு மேல் டி, அதற்கும் மேல் 2இ. ஆண்களுக்கோ டி தான் சாதாரணம். அகலத்தைப் பிரித்து விற்பதில் நியூ பேலன்ஸ் நீண்ட காலமாகப் பெயர் பெற்றது. ப்ரூக்ஸ், ஏசிக்ஸ் போன்றவையும் சில மாடல்களில் தருகின்றன. நம்மூர்க் கடைகளுக்கு இந்த அகல வகைகள் மிகக் குறைவாகவே வருகின்றன. பெட்டியில் எழுத்து எதுவும் இல்லையென்றால் அது சாதாரண அகலம் என்றே கொள்ள வேண்டும், அதாவது நம் பெண்களில் பெரும்பாலோருக்கு ஒடுக்கம்.

கடையில் நடப்பதை ஒரு முறை விரிவாகச் சொல்கிறேன். என் அத்தையை அழைத்துக்கொண்டு தியாகராய நகரில் ஒரு கடைக்குப் போயிருந்தேன். அவருடைய பாதம் 24.5 சென்டிமீட்டர், முன்பாதம் நல்ல அகலம், குதிகால் மெலிவு. நீளம் சரியாக இருந்த ஷூவைப் போட்டதும் அவர் முகம் சுருங்கியது. விற்பனையில் இருந்த இளைஞர் பொறுமையானவர்தான். "புதுசுல அப்படித்தாம்மா இருக்கும், போடப் போடச் சரியாயிடும்" என்றார். "சரியாகறது ஷூவா தம்பி, என் காலா?" என்று அத்தை கேட்டார். நியாயமான கேள்வி. தோல் செருப்பு காலுக்கேற்ப விரிந்து கொடுக்கும் என்ற பழைய அனுபவத்திலிருந்து வந்த ஆறுதல் மொழி அது. நைலான், பாலியஸ்டர் வலைத்துணியால் ஆன மேற்பகுதியும், அதன் ஓரங்களில் வெப்பத்தால் ஒட்டிய பட்டைகளும் அப்படி விரிவதில்லை. முதல் நாள் அழுத்தும் இடம் ஆறு மாதம் கழித்தும் அழுத்தும்.

இன்சோலைக் கழற்றித் தரச் சொன்னேன். பெரும்பாலான நல்ல ஷூக்களில் உள்ளே இருக்கும் அந்த மெத்தைத் தகடு கையோடு வந்துவிடும். அதைத் தரையில் வைத்து அதன்மேல் அத்தை நின்றார். சுண்டுவிரலும் அதன் கீழுள்ள சதையும் தகட்டின் ஓரத்தைத் தாண்டி வெளியே நின்றன. அந்த இளைஞரே குனிந்து பார்த்துவிட்டு, "ஆமாம்மா, கால் வெளிய வருது" என்றார். பிறகு அவர் செய்தது எல்லாக் கடைகளிலும் செய்வது: ஒரு எண் பெரியதை எடுத்து வந்தார். அதில் முன்பக்கம் தளர்ந்தது, ஆனால் நாலடி நடந்ததும் குதிகால் எழும்பி எழும்பி இறங்கியது. அகலத்துக்காக நீளத்தைக் கூட்டுவது எப்போதும் இப்படித்தான் முடியும். ஷூ மடங்கும் இடமும் பாதம் மடங்கும் இடமும் விலகிப்போய், விரல்கள் பிடிமானம் தேடி உள்ளே சுருண்டுகொள்ளும், பிறகு கெண்டைக்கால் வலிக்கும்.

கடைசியில் ஆண்கள் பிரிவுக்குப் போனோம். ஆண்களுக்கான ஷூ நம் கடைகளில் பெரும்பாலும் யுகே 6இலிருந்து தொடங்கும். அதன் சாதாரண அகலமே பெண்களின் அகல வகைக்குச் சமம். சாம்பல் நிறத்தில் ஒரு ஜோடி அத்தைக்கு முன்பக்கம் கச்சிதமாக அமைந்தது. குதிகால் சற்றுத் தளர்வாக இருந்ததால் லேஸை வேறு விதமாகக் கட்டினேன். ஷூவின் மேல் ஓரத்தில், கணுக்காலை ஒட்டி, யாரும் பயன்படுத்தாத ஒரு கூடுதல் துளை இருக்கும். லேஸை அதே பக்கத்துக் கடைசித் துளைக்குள் விட்டு ஒரு சிறு வளையமாக்கி, எதிர்ப்பக்க லேஸை அந்த வளையத்துக்குள் நுழைத்துக் கீழ்நோக்கி இழுத்துக் கட்டினால் குதிகால் அசையாமல் உட்கார்ந்துவிடும். அத்தை கடையை இரண்டு சுற்று சுற்றிவந்து, "இதுதான்" என்றார். அகலப் பாதமும் 24.5 சென்டிமீட்டரோ அதற்கு மேலோ நீளமும் உள்ள பெண்களுக்கு இந்த வழி மிக எளிது. அதைவிடச் சிறிய பாதமுள்ளவர்களைச் சில கடைகளில் சிறுவர் பிரிவுக்கு அனுப்புவார்கள். விலையும் குறைவாக இருக்கும். நான் அதைப் பரிந்துரைக்கமாட்டேன். முப்பது நாற்பது கிலோ எடையுள்ள சிறுவருக்காகச் செய்த நுரை, எழுபது கிலோ உடலை நாளுக்கு ஐந்து கிலோமீட்டர் தாங்கும்போது விரைவில் அமுங்கிவிடும்.

நடைக்கு ஓட்ட ஷூவை வாங்கலாமா என்பது அடுத்து வரும் கேள்வி. வாங்கலாம், நம் சந்தையில் நல்ல அகலமும் நல்ல அடித்தளமும் கிடைக்கும் இடம் பெரும்பாலும் ஓட்ட ஷூ வரிசைதான். ஆனால் வேறுபாடு தெரிந்திருக்க வேண்டும். ஓடும்போது இரண்டு கால்களும் தரையை விட்டு எழும்பி, உடல் எடையைப் போல் இரண்டு மூன்று மடங்கு விசையோடு இறங்குகிறோம். நடக்கும்போது ஒரு கால் எப்போதும் தரையில் இருக்கிறது. விசை எடையைவிடச் சற்றே அதிகம். ஆகவே நடப்பவருக்கு மெத்தென்ற உயரமான அடிப்பகுதி அவ்வளவு தேவையில்லை. குதிகாலில் ஊன்றி, பாதத்தின் வெளிப்புறமாக உருண்டு, பெருவிரலில் உந்தி எழும் அந்த அசைவுக்கு ஷூ இடம்கொடுத்தால் போதும். குதிகாலின் பின்விளிம்பு சற்றே சரிவாக வெட்டப்பட்டிருப்பது நல்லது. பின்னால் வாலைப் போல நீண்டு நிற்கும் அடித்தட்டு நடையில் பாதத்தைத் தட்டென்று அறையவைக்கும். நம்முடைய நடைபாதைகளில் பெயர்ந்த கற்களும் மூடாத பள்ளங்களும் சாதாரணம் என்பதால், மிக மென்மையான, மிக உயரமான நுரை கொண்ட ஷூவை வயதான பெண்களுக்கு வாங்கித் தருவதில் எனக்கு ஒப்புதல் இல்லை. கடையின் வழவழப்பான தரையில் மேகம் போல் இருப்பது, சரிந்த கல்லின் மேல் கணுக்காலைப் பிசகவைக்கிறது.

கையால் செய்து பார்க்கக் கூடிய சோதனைகள் உண்டு. முனையையும் குதிகாலையும் பிடித்து வளைத்தால் விரல்கள் மடங்கும் இடத்தில்தான் ஷூ மடங்க வேண்டும். நட்டநடுவில் மடிந்தால் அது வளைவைத் தாங்காது. ஈரத் துணியைப் பிழிவது போல் முறுக்கினால் எதிர்ப்புக் காட்ட வேண்டும். பின்புறக் கிண்ணத்தை இரு விரலால் அழுத்தினால் எளிதில் அமுங்கிவிடக் கூடாது. அடியைத் திருப்பி நகத்தால் கீறிப் பார்ப்பதும் பயன்தரும்: வெறும் ஈவிஏ நுரையையே தரையில் படும்படி விட்டிருந்தால் நகம் பதியும், தார்ச்சாலையில் அது சில மாதங்களில் வழுக்கத் தொடங்கும். குதிகாலிலும் முன்பாதத்திலும் தனி ரப்பர் பட்டை ஒட்டியிருப்பதையே வாங்குங்கள். மழைக்காலத்தில் பாசி படிந்த நடைபாதையில் இது அலங்காரம் அல்ல.

முழங்கால் வலியால் குனிந்து லேஸ் கட்ட முடியாதவர்கள் நிறைய இருக்கிறார்கள். அவர்களுக்காகவே, கையால் தொடாமல் காலை நுழைக்கும் வகை ஷூக்களை ஸ்கெச்சர்ஸ் போன்ற நிறுவனங்கள் விற்கின்றன. குதிகால் பகுதி மடியாமல் உறுதியாக நிற்பது அவற்றின் சிறப்பு. அகலம் பொருந்தினால் தாராளமாக வாங்கலாம். பொருந்தாவிட்டால் சாதாரண ஷூவில் நீளும் எலாஸ்டிக் லேஸ் கோத்துக்கொள்வது மேல். சேலையோடு நடப்பவர்கள் லேஸின் நுனிகளை உள்ளே செருகிக்கொள்ள வேண்டும். கொசுவம் அந்த வளையத்தில் மாட்டி விழுந்தவர்கள் உண்டு.

எங்கே வாங்குவது என்பதில் என் முதல் கருத்து, முதல் ஜோடியை நேரில் போய் வாங்க வேண்டும் என்பது. நிறுவனங்களின் சொந்தக் கடைகள், டெகாத்லான் போன்ற பெரிய விளையாட்டுக் கடைகள் ஆகியவற்றில் இன்சோலைக் கழற்றிப் பார்க்கவும் உள்ளேயே நடந்து பார்க்கவும் தடை சொல்வதில்லை. வெள்ளை நிறக் கூடத்தின் மூலையில் உட்கார்ந்து அரை மணி நேரம் எடுத்துக்கொள்வதற்குக் கூச்சப்பட வேண்டியதில்லை. சிற்றூர்களில் பாட்டாவின் பவர், ஸ்பார்க்ஸ், கேம்பஸ் முதலிய வகைகளே கிடைக்கும். அவற்றில் நன்றாகப் பொருந்துபவை உண்டு. அளந்து, இன்சோல் சோதனையும் செய்து, ஆயிரத்தைந்நூறு ரூபாயில் காலுக்குச் சரியாக அமைந்த ஒரு ஷூ, எட்டாயிரம் ரூபாயில் ஒடுக்கமாக அமைந்ததைவிட எல்லா வகையிலும் மேலானது. 2025 செப்டம்பர் 22 முதல் 2,500 ரூபாய் வரையிலான காலணிக்கு ஜிஎஸ்டி 5 சதவீதம், அதற்கு மேல் 18 சதவீதம் என்பதையும் நினைவில் வையுங்கள். 2,500ஐ ஒட்டிய விலையில் பார்ப்பவர்களுக்கு அந்தக் கோடு பொருட்படுத்தத்தக்கது.

பெட்டியில் ஐஎஸ்ஐ முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். 2024 ஆகஸ்டிலிருந்து விளையாட்டுக் காலணிகளுக்கு இது கட்டாயமாகியிருக்கிறது, சிறு உற்பத்தியாளர்களுக்கு மட்டும் விலக்கு. வெளிநாட்டு ஆலைகளும் உரிமம் பெற்றே இங்கே அனுப்ப முடியும் என்பதால் சில இறக்குமதி மாடல்கள் வருவது குறைந்தது. அகல வகைகள் மேலும் அரிதானதற்கு அதுவும் ஒரு காரணம் என்பது என் கணிப்பு. இத்தனைக்கும் செய்யாறு சிப்காட்டில் நைக்கிக்காகத் தைக்கும் ஆலைகளில் ஆயிரக்கணக்கில் வேலை செய்பவர்கள் நம் ஊர்ப் பெண்களே. ஆம்பூரும் இராணிப்பேட்டையும் உலகத்துக்கே காலணி தைத்துத் தருகின்றன. பெங்களூர் நெடுஞ்சாலையோரம் இருக்கும் ஆம்பூர்க் கடைகளில் ஏற்றுமதி மிச்சம் என்று விற்பவற்றில் தோல் காலணி நல்லதாகக் கிடைக்கும். நடைப்பயிற்சி ஷூவுக்கு நான் அங்கே நிற்பதில்லை. 'ஃபர்ஸ்ட் காப்பி' என்று விற்பதைத் தொடவே வேண்டாம். மேலே இருக்கும் முத்திரை அசலைப் போலவே இருக்கும். உள்ளே இருக்கும் நுரையும் பசையும்தான் நம் முழங்காலைத் தாங்க வேண்டியவை, போலி செய்பவர் கைவைப்பது அங்கேதான்.

அமெரிக்காவிலிருந்து வரும் மகனோ மகளோ வாங்கி வருவது இன்று பல வீடுகளில் வழக்கம். அகல வகை வேண்டுபவர்களுக்கு இதுவே மிக நல்ல வழி, ஏனென்றால் அங்கே டி, 2இ எல்லாம் கடையிலேயே கிடைக்கும். தொலைபேசியில் 'ஆறாம் நம்பர் வாங்கிட்டு வாப்பா' என்று சொல்லாமல், வரைந்த தாளைப் படமெடுத்து மில்லிமீட்டர் அளவுகளோடு அனுப்புங்கள். பெண்கள் டி வேண்டும் என்று தெளிவாகச் சொல்லுங்கள். ஆண்கள் டி-யையும் பெண்கள் டி-யையும் குழப்பினால் குதிகால் பகுதி மாறிவிடும்.

பெட்டியின் ஓரத்தில் விலையோடு அச்சிட்டிருக்கும் தயாரித்த மாதத்தையும் ஆண்டையும் தவறாமல் பாருங்கள், குறிப்பாகப் பாதி விலைத் தள்ளுபடியில். சில ஷூக்களின் நடு அடுக்கு பாலியூரித்தேன் நுரையால் ஆனது. அந்த நுரை காற்றின் ஈரத்தோடு வினைபுரிந்து, அணியாமல் பெட்டிக்குள் வைத்திருந்தாலும் ஆண்டுகள் செல்லச் செல்ல வலுவிழக்கும். சென்னை, தூத்துக்குடி, நாகப்பட்டினம் போன்ற கடலோர ஊர்களின் ஈரத்தில் இது இன்னும் விரைவு. என் தோழி விசேஷத்துக்கென்று பொத்திவைத்திருந்த ஷூவை எடுத்துப் போட்டுத் தெருமுனை வரை நடப்பதற்குள் அடிப்பகுதி பழைய ரொட்டி போல் உதிர்ந்து தரையெங்கும் கொட்டியது. வாங்கிய ஷூவை எடுத்துவைக்காதீர்கள், போட்டு நடங்கள்.

சர்க்கரை நோயுள்ளவர்களுக்கு இவற்றோடு இன்னொன்றும் சேர்கிறது. நரம்பு பாதிக்கப்பட்ட பாதத்துக்கு ஷூ இறுக்குவது தெரியாது. 'எனக்கு வலிக்கவே இல்லை' என்று அவர்கள் சொல்வதை ஷூ பொருந்துகிறது என்பதற்குச் சான்றாக எடுத்துக்கொள்ளக் கூடாது. ஷூவைக் கழற்றியதும் விரலிடுக்கையும் ஓரத்தையும் கண்ணால் பார்த்து, சிவந்த இடம் இருந்தால் அந்த ஷூவை விட்டுவிட வேண்டும். உணர்ச்சி குறைந்துவிட்டது என்று மருத்துவர் சொல்லியிருந்தால் எந்தக் கடை ஷூவையும் வாங்கும் முன் பாத மருத்துவப் பிரிவில் காட்டுங்கள். எம்சிஆர் செருப்பு என்று நாம் அறிந்திருக்கும் நுண்துளை ரப்பர் காலணி, வேலூரில் மருத்துவர் பால் பிராண்ட் போன்றோர் உணர்ச்சியற்ற தொழுநோய்ப் பாதங்களுக்காக உழைத்த மரபில் வந்தது. அழகு குறைவு என்று அதை ஒதுக்கும் பெண்களிடம், அது யாருடைய பாதங்களைக் காக்கப் பிறந்தது என்பதைச் சொல்லிப் பாருங்கள்.

சாக்ஸ் முழுப் பருத்தியாக வேண்டாம். வியர்வையைப் பிடித்துவைத்துக் கொப்புளம் உண்டாக்கும். பாலியஸ்டரோ நைலானோ கலந்த மெல்லிய சாக்ஸ் போதும். கடையில் போட்டுப் பார்க்கும்போதே அதை அணிந்திருங்கள். நனைந்த ஷூவை வெயிலில் காயவைத்தால் பசை விட்டுவிடும். இன்சோலை வெளியே எடுத்து, உள்ளே செய்தித்தாளைச் சுருட்டித் திணித்து, மின்விசிறிக்குக் கீழே வைப்பதே சரி. ஐப்பசி கார்த்திகை மழையில் ஒரு ஜோடி ஒரு நாளில் காயாது என்பதால், தினமும் நடப்பவர்கள் இரண்டு ஜோடிகளை மாற்றி மாற்றிப் போடுவது இரண்டின் ஆயுளையும் நீட்டும்.

எப்போது மாற்ற வேண்டும் என்பதற்கு, ஓட்ட ஷூவுக்குச் சொல்லப்படும் 500 முதல் 800 கிலோமீட்டர் என்ற கணக்கை நடைக்கு அப்படியே எடுத்துக்கொள்ளத் தேவையில்லை. நடையில் தேய்மானம் குறைவு. மேசையின் மேல் இரண்டையும் வைத்துப் பின்னாலிருந்து பாருங்கள். ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றாலோ, நடு அடுக்கின் ஓரத்தில் அழுத்தக் கோடுகள் நிரந்தரமாகப் பதிந்திருந்தாலோ, குதிகால் ரப்பர் தேய்ந்து நுரை தெரிந்தாலோ அதன் காலம் முடிந்தது. மேல்துணி புத்தம்புதிதாக இருக்கலாம். அதைப் பார்த்து ஏமாறக் கூடாது. அடுத்த ஜோடியை வாங்கும்போது அதே மாடலின் பெயருக்குப் பின்னால் எண் ஒன்று கூடியிருக்கும். பெயர் ஒன்றாக இருந்தாலும் அச்சு மாறியிருக்கக் கூடும் என்பதால் பழைய ஷூவின் எண்ணைச் சொல்லி இணையத்தில் வாங்காமல், மீண்டும் தாளில் பாதத்தை வரைந்து, மீண்டும் இன்சோலின் மேல் நின்று பாருங்கள். இணையத்தில் வாங்கியே ஆக வேண்டுமானால், திருப்பியனுப்பும் கெடு முடியும் வரை அதை வீட்டின் டைல்ஸ் தரையில் மட்டும், மாலை நேரத்தில், சாக்ஸ் அணிந்து போட்டு நடந்து பாருங்கள். அட்டைப் பெட்டியையும் லேபிளையும் அதுவரை கிழிக்க வேண்டாம்.